கனலோனி: சீனக்குடா மாவும் கிண்ணியாப் பாலும்

திருகோணமலையின் உட்துறைமுகத்தை ஒட்டிச் செல்பவர்களின் கண்ணுக்குச் சீனக்குடாவிலுள்ள பிறீமா மா ஆலை தப்பாது. கடல் கடந்து வரும் கோதுமை அங்கே இறங்கி, அங்கேயே அரைபட்டு, நாடு முழுவதற்கும் மாவாகப் போகிறது. குடாவின் தென்புறத்தில், கிண்ணியாவிலும் மூதூரிலும், எருமைகள் மேய்கின்றன. அவற்றின் பால் தயிராகிச் சட்டிகளில் சந்தைக்கு வருகிறது. இந்த மாவையும் இந்தப் பாலையும் கொண்டு, இத்தாலியர் தலைமுறைகளாகச் செய்துவரும் 'கனலோனி' என்ற உணவை எங்கள் குசினியிலேயே செய்யலாம்.

'கன்னா' என்றால் இத்தாலிய மொழியில் நாணல். கனலோனி என்பது பெரிய நாணற் குழல். முட்டை சேர்த்துப் பிசைந்த மாத்தகட்டில் பாற்கட்டியும் கீரையும் வைத்துச் சுருட்டி, தக்காளிக் குழம்பும் வெள்ளைக் குழம்பும் ஊற்றிப் போறணையில் சுடுவார்கள். எங்கள் 'ரோல்ஸை' அறிந்தவர்களுக்கு இது புதுமையல்ல. அமெரிக்காவில் குடியேறிய இத்தாலியர் இதைப்போன்ற 'மனிகோத்தி'யை, ரோல்ஸுக்கு ஊற்றுவது போன்ற மெல்லிய முட்டைத் தோசையிலும் செய்கிறார்கள். மா உருட்டச் சிரமப்படுபவர்கள் அந்த வழியைப் பின்பற்றலாம்.

ஹலால் பற்றிய கேள்வி

இந்த உணவை விரும்பினாலும் எங்களில் பலர் தயங்குவது சீஸினால்தான். அந்தத் தயக்கம் நியாயமானது. பாலைத் திரளச் செய்ய 'ரெனெட்' என்ற பொருளைச் சேர்ப்பார்கள். மரபு முறையில் அது பால்குடிக் கன்றின் நான்காவது இரைப்பையிலிருந்து எடுக்கப்படுகிறது. இத்தாலியின் புகழ்பெற்ற பார்மிஜானோ சீஸை இன்றும் கன்று ரெனெட் கொண்டே செய்ய வேண்டும் என்பது விதி. அந்தக் கன்று முறைப்படி அறுக்கப்படாவிட்டால் சீஸின் நிலை என்ன என்பதில் இமாம்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. நுண்ணுயிரிகளிலிருந்து எடுக்கும் ரெனெட்டும் இப்போது பயன்படுகிறது. ஆகவே கடையில் வாங்கும்போது ஹலால் சின்னத்தைப் பார்த்து வாங்குவதே பாதுகாப்பு.

ஆனால் கனலோனிக்கு வேண்டிய பாற்கட்டிக்கு ரெனெட்டே தேவையில்லை. தேசிக்காய்ப் புளி போதும். இறைச்சியில்லாத இந்தப் பூரணத்தை இத்தாலியர் 'மாக்ரோ' என்பார்கள். கிறிஸ்தவர்கள் இறைச்சி தவிர்க்கும் விரத நாட்களுக்கு உரிய உணவு வகை அது. அவர்களின் விரத உணவு எங்கள் நோன்பு துறக்கும் மேசைக்கும் இடையூறின்றிப் பொருந்துகிறது.

பாற்கட்டி

இத்தாலியர் பயன்படுத்துவது 'ரிக்கொத்தா'. அதன் பொருள் 'மீண்டும் காய்ச்சியது'. பாலில் இரு வகைப் புரதங்கள் உள்ளன. ரெனெட் சேர்த்ததும் கேசின் என்ற புரதம் திரண்டு சீஸாகிறது. மற்றது தெளிந்த நீரோடு போய்விடும். அந்த நீரை மறுபடி காய்ச்சும்போது அதுவும் திரளும், அதுவே ரிக்கொத்தா. நாங்கள் கொதிக்கும் பாலிலேயே புளி விடுவதால் இரண்டும் சேர்ந்து திரள்கின்றன. எனவே இது அசல் ரிக்கொத்தா அல்ல. ஆனால் அதன் வேலையைச் செய்யும்.

இரண்டு லீற்றர் புதுப்பாலைக் கொதிக்கவைத்து இறக்கி, நான்கு மேசைக்கரண்டி தேசிக்காய்ச் சாற்றைச் சிறிது சிறிதாக விடுங்கள். திரிந்து நீர் தெளிந்ததும் மேலும் விட வேண்டாம். பத்து நிமிடம் கழித்து மெல்லிய துணியில் வடித்து, ஒரு மணி நேரம் தொங்கவிடுங்கள். இதில் அவசரப்பட்டால் பூரணம் நீர்விட்டுக் குழல் உடைந்துவிடும். எருமைப்பாலில் கொழுப்பு சுமார் ஏழு வீதம். பசுப்பாலில் நான்கு வீதமளவு. ஆகவே எருமைப்பாலில் கட்டி கூடுதலாகவும் மென்மையாகவும் கிடைக்கும். நீண்டநாள் கெடாத பெட்டிப் பால் நன்றாகத் திரளாது.

மாவும் பூரணமும்

நூறு கிராம் கோதுமை மாவுக்கு ஒரு முட்டை என்பது இத்தாலிய வீடுகளின் கணக்கு. நான்கு பேருக்கு 200 கிராம் மாவும் இரண்டு முட்டையும் போதும். பத்து நிமிடம் நன்றாகப் பிசைந்து, மூடி அரை மணி நேரம் வையுங்கள். பிறகு இயன்றவரை மெல்லியதாக உருட்டி, உள்ளங்கையளவு துண்டுகளாக வெட்டி, உப்பு நீரில் ஒரு நிமிடம் அவித்துக் குளிர்நீரில் போட்டெடுங்கள்.

ஒரு பிடி பசளிக்கீரையை அவித்து, நீர் போகப் பிழிந்து, அரிந்து, பாற்கட்டியுடன் சேருங்கள். ஒரு முட்டை, உப்பு, மிளகுத்தூள், சிறிது சாதிக்காய்த் தூள் ஆகியவற்றையும் சேருங்கள். சாதிக்காய் இத்தாலியரின் தெரிவுதான். எங்கள் வட்டிலப்பத்தின் வாசனை அதில் வருவதை உணர்வீர்கள்.

குழம்புகள்

தக்காளியை உள்ளி, வெங்காயத்துடன் வதக்கிக் கெட்டியாக்குங்கள். இத்தாலியர் இதில் திருநீற்றுப் பச்சிலை போடுவார்கள். பலூடாவில் நாங்கள் போடும் கறுப்பு விதைக்குரிய செடி அதுதான். வெள்ளைக் குழம்புக்கு 40 கிராம் பட்டரில் 40 கிராம் மாவை நிறம் மாறாமல் வறுத்து, அரை லீற்றர் பாலை மெல்ல விட்டுக் கட்டிபடாமல் கிளறுங்கள்.

தட்டின் அடியில் சிறிது தக்காளிக் குழம்பு பரப்பி, சுருட்டிய குழல்களை நெருக்கி அடுக்கி, இரு குழம்புகளையும் ஊற்றி மூடுங்கள். 180 பாகை வெப்பத்தில் அரை மணி நேரம் சுட்டால் மேல்பகுதி பொன்னிறமாகும். போறணை இல்லாத வீட்டில் கனத்த சட்டிக்குள் தட்டை வைத்து மூடி, மேலும் கீழும் தணல் போட்டுச் சுடலாம். வெட்டுவதற்கு முன் பத்து நிமிடம் ஆறவிடுங்கள்.

நாம் எண்ண வேண்டியது

2022இல் மாவுக்கும் எரிவாயுவுக்கும் பால்மாவுக்கும் நாடே அலைந்ததை நாம் மறக்கவில்லை. ஆலை எங்கள் துறைமுகத்தில் இருந்தாலும் கோதுமை எங்களுடையதல்ல. கப்பல் வராவிட்டால் மாவும் இல்லை. பால் அப்படியல்ல, அது நம் மேய்ச்சல் தரையில் சுரக்கிறது. இத்தாலியின் கம்பானியாப் பகுதி மக்கள் எருமைப்பாலிலிருந்து மொட்சரெல்லாச் சீஸும் ரிக்கொத்தாவும் செய்து உலகச் சந்தைக்கு அனுப்புகிறார்கள். எங்கள் எருமைப்பாலுக்கோ தயிர்ச்சட்டிதான் முதன்மையான வழி. அது விலைபோகாத நாளில் நட்டம் முழுவதும் பால் கறப்பவர் தலையில்தான்.

தேசிக்காயும் துணியும் கொண்டு பாற்கட்டி செய்யத் தெரிந்த ஒரு பெண், மிஞ்சிய பாலை வீணாக்காமல் ஒரு பொருளாக மாற்றுகிறாள். அது ஹலாலா என்று எவரிடமும் கேட்க வேண்டிய தேவையும் அவளுக்கு இல்லை. வருகிற நோன்பில் கஞ்சிக் கோப்பைக்குப் பக்கத்தில் ஒரு தட்டுக் கனலோனியையும் வைத்துப் பாருங்கள். அதற்கான பாலைக் கிண்ணியாவிலோ மூதூரிலோ பால் கறப்பவரிடம் வாங்குங்கள்.