வாக்கெடுப்பு இல்லாத ஒப்பந்தங்கள்

2025 ஜூலை 24 அன்று இந்தியாவும் பிரிட்டனும் வர்த்தக ஒப்பந்தம் செய்துகொண்டன. நம் தரப்பில் கையெழுத்திட்டவர் வர்த்தகத் துறை அமைச்சர் பியூஷ் கோயல், வடக்கு மும்பையின் எம்.பி. பிரிட்டனில் தோல் பொருள்களுக்கு 16 சதவீதம் வரை இருந்த இறக்குமதி வரி இந்த ஒப்பந்தப்படி இல்லாமல் போகும். மும்பையின் தாராவிக்கு இது சின்னச் செய்தி அல்ல. திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்த தமிழர்கள் தோல் பதனிட்டு வளர்த்த பகுதி அது. பதனிடும் இடங்கள் பெரும்பாலும் வெளியே போய்விட்டாலும், பையும் பெல்ட்டும் பர்ஸும் தைக்கும் பட்டறைகள் இன்றும் ஓடிக்கொண்டிருக்கின்றன. பதிலுக்கு நாம் கொடுத்ததும் உண்டு. ஸ்காட்ச் விஸ்கிக்கு நாம் போடும் 150 சதவீத வரி முதலில் 75 ஆகவும், பத்தாவது ஆண்டுக்குள் 40 ஆகவும் இறங்கும்.

இந்தக் கொடுக்கல் வாங்கலுக்கு ஒப்புதல் தருவது யார்? பிரிட்டனில் 2010ஆம் ஆண்டுச் சட்டப்படி ஒப்பந்தத்தை 21 அமர்வு நாள்கள் நாடாளுமன்றத்தின் முன் வைக்க வேண்டும். மக்களவை எதிர்த்து வாக்களித்தால் ஒப்புதல் தள்ளிப்போகும். திரும்பத் திரும்ப எதிர்க்கவும் முடியும். அங்குள்ள எம்.பி.க்களே இதைப் பலவீனமான அதிகாரம் என்றுதான் குறை சொல்கிறார்கள். இந்தியாவில் அதுகூட இல்லை. மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்தால் போதும்.

அரசமைப்புச் சட்டத்தின் 73ஆவது பிரிவு, நாடாளுமன்றம் சட்டம் இயற்றக்கூடிய விஷயங்கள் அனைத்திலும் மத்திய அரசுக்குச் செயல் அதிகாரம் தருகிறது. வெளிநாட்டு ஒப்பந்தங்கள் ஏழாவது அட்டவணையின் மத்தியப் பட்டியலில், 14ஆவது இனமாக இருக்கின்றன. ஆகவே ஒப்பந்தம் போடுவது அரசின் வேலை. அதை நிறைவேற்ற உள்நாட்டுச் சட்டத்தை மாற்ற வேண்டியிருந்தால்தான் நாடாளுமன்றத்தின் முறை வருகிறது. கட்ச் எல்லைத் தீர்ப்பு தொடர்பான மகன்பாய் படேல் வழக்கில் 1969இல் உச்ச நீதிமன்றம் இந்தக் கோட்டைத் தெளிவாக வரைந்தது: குடிமக்களின் உரிமையைப் பாதிக்காத, சட்டத்தை மாற்றாத ஒப்பந்தத்துக்குத் தனிச் சட்டம் வேண்டியதில்லை.

சட்டத்தின் அனுமதி இல்லாமல் வரி விதிக்கக் கூடாது என்று 265ஆவது பிரிவு சொல்கிறதே, வரியைக் குறைக்கும் ஒப்பந்தம் நாடாளுமன்றத்துக்கு வர வேண்டாமா என்று கேட்கலாம். நியாயமான கேள்வி. விடை 1962ஆம் ஆண்டின் சுங்கச் சட்டத்தில் இருக்கிறது. அதன் 25ஆவது பிரிவுப்படி, பொது நலன் கருதி எந்தப் பொருளுக்கும் அரசு வரிவிலக்கு தரலாம். அரசிதழில் ஓர் அறிவிக்கை வெளியானால் மறுநாளே துறைமுகத்தில் புதிய வரி. அறிவிக்கை பிறகு நாடாளுமன்ற மேசைக்கு வரும். அதன்மீது விவாதம் நடப்பது அபூர்வம். வர்த்தக ஒப்பந்தத்தின் மிக முக்கியமான பகுதி வரிதான். அதில் தனக்கிருந்த பிடியை நாடாளுமன்றம் 60 ஆண்டுகளுக்கு முன்பே அரசிடம் ஒப்படைத்துவிட்டது.

ஒப்பந்தத்துக்குள் போவதற்கு மட்டுமல்ல, விலகுவதற்கும் இதுவே வழி. ஆர்.சி.ஈ.பி. என்ற ஆசிய-பசிபிக் வர்த்தகக் கூட்டணிக்கான பேச்சிலிருந்து 2019 நவம்பர் 4 அன்று பாங்காக்கில் இந்தியா விலகியபோதும் வாக்கெடுப்பு நடக்கவில்லை.

நாடாளுமன்றம் உள்ளே வந்தால் என்ன நடக்கும் என்பதற்கு நம்மிடம் ஓர் அனுபவம் இருக்கிறது. அதைச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும். 1994 ஏப்ரல் 15 அன்று மொராக்கோவின் மராகேஷ் நகரில், உலக வர்த்தக அமைப்பை உருவாக்கிய ஒப்பந்தத்தில் நரசிம்ம ராவ் அரசு கையெழுத்திட்டது. டங்கல் திட்டம் என்று அழைக்கப்பட்ட அதன் வரைவை எதிர்த்து ஊரெங்கும் கூட்டங்கள் நடந்த காலம் அது. நாடாளுமன்றத்தில் சூடான விவாதம் நடந்தது, ஆனால் ஒப்புதல் கேட்கப்படவில்லை. மருந்துக் காப்புரிமைக்குச் சட்டத் திருத்தம் தேவைப்பட்டது. ஆண்டின் கடைசி நாளில் அவசரச் சட்டம் வந்தது. அதற்கு மாற்றான மசோதா 1995 மார்ச்சில் மக்களவையில் நிறைவேறி மாநிலங்களவையில் முடங்கியது. அமெரிக்கா உலக வர்த்தக அமைப்பில் வழக்குப் போட்டது. 1997இல் இந்தியா தோற்றது. 1999இல் வேறு வழியின்றிச் சட்டம் திருத்தப்பட்டது. கையெழுத்தான பிறகு மறுத்தால் வாக்குத் தவறிய நாடு என்ற பெயர்தான் மிஞ்சும்.

ஆனால் 2005இல் கதை வேறு விதமாக நடந்தது. காப்புரிமைச் சட்டத்தின் இறுதித் திருத்தம் வந்தபோது, இடதுசாரிக் கட்சிகளின் ஆதரவு இல்லாமல் மன்மோகன் சிங் அரசால் அதை நிறைவேற்ற முடியாத நிலை. அந்த நெருக்கடியில்தான் 3(டி) பிரிவு இன்றைய வடிவத்தைப் பெற்றது. தெரிந்த மருந்தின் புது வடிவம், குணப்படுத்தும் திறனில் குறிப்பிடத்தக்க முன்னேற்றம் காட்டாவிட்டால் அதற்குக் காப்புரிமை இல்லை. இரத்தப் புற்றுநோய்க்கான கிளிவெக் மருந்துக்கு சுவிட்சர்லாந்தின் நோவார்ட்டிஸ் நிறுவனம் கேட்ட காப்புரிமையை 2006இல் சென்னைக் காப்புரிமை அலுவலகம் நிராகரித்தது. 2013 ஏப்ரல் 1 அன்று உச்ச நீதிமன்றம் அதை உறுதி செய்தது. மாதம் ஒரு லட்சம் ரூபாய்க்கு மேல் ஆன சிகிச்சையை அதில் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவான செலவில் தொடர முடிந்தது. காலம் கடந்து, அதுவும் ஒரே ஒரு பிரிவில் தலையிட்டதற்கே இவ்வளவு பலன். கையெழுத்துக்கு முன்பே எம்.பி.க்கள் கேள்வி கேட்டிருந்தால் இன்னும் எத்தனை விஷயங்களில் நம் கை ஓங்கியிருக்கும்?

மாநிலங்களின் நிலை இன்னும் மோசம். வேளாண்மை மாநிலப் பட்டியலில் இருந்தாலும், ஒப்பந்தத்தை நிறைவேற்ற எந்தப் பட்டியலிலும் சட்டம் இயற்றும் அதிகாரத்தை 253ஆவது பிரிவு நாடாளுமன்றத்துக்குக் கொடுத்துவிட்டது. உலக வர்த்தக ஒப்பந்தத்தை எதிர்த்துத் தமிழ்நாடு உள்ளிட்ட சில மாநிலங்கள் உச்ச நீதிமன்றம் வரை போயின. 2009இல் ஆசியான் ஒப்பந்தம் கையெழுத்தானபோது ரப்பர், மிளகு விலை விழும் என்று அஞ்சிய கேரளத்தில் காசர்கோட்டிலிருந்து திருவனந்தபுரம் வரை மனிதச் சங்கிலி நின்றது. ஒப்பந்தம் 2010 ஜனவரி 1 அன்று அமலுக்கு வந்தது.

பேரம் நடக்கும்போது எல்லாவற்றையும் சபையில் போட்டு உடைத்தால் எந்த நாடும் நம்மோடு பேசாது என்பது அரசுகள் சொல்லும் காரணம். அதில் உண்மை இருக்கிறது. அமெரிக்கா அதற்கு ஒரு வழி கண்டது: பேச்சுக்கான இலக்குகளை நாடாளுமன்றம் முன்கூட்டியே வகுக்கும்; முடிவில் திருத்தம் செய்யாமல் ஏற்பதா மறுப்பதா என்று மட்டும் வாக்களிக்கும். இதற்கு வழிசெய்த சட்டம் 2021இல் காலாவதியானது. அதன் முறை இன்றும் படிக்கத் தக்கது. நம்மோடு 2022 ஏப்ரலில் ஒப்பந்தம் போட்ட ஆஸ்திரேலியாவில் கூட்டு நிலைக்குழு அதை ஆராய்ந்தது. நவம்பர் 22 அன்று அவர்கள் நாடாளுமன்றம் உரிய சட்டங்களை நிறைவேற்றியது. டிசம்பர் 29 அன்று ஒப்பந்தம் அமலுக்கு வந்தது. ஒப்பந்தம் ஒன்றுதான். அதற்காக அவர்கள் எம்.பி.க்கள் வாக்களித்தார்கள், நம்முடையவர்கள் வாக்களிக்கவில்லை.

ஒப்பந்தங்களை நாடாளுமன்றத்தின் முன் கொண்டுவர அரசமைப்புச் சட்டத்தைத் திருத்த வேண்டிய தேவையில்லை. மத்தியப் பட்டியலின் 14ஆவது இனத்தின்கீழ், ஒப்பந்தம் போடும் முறையை ஒழுங்குபடுத்த நாடாளுமன்றமே சாதாரணச் சட்டம் இயற்றலாம். நீதிபதி வெங்கடாசலய்யா தலைமையிலான அரசமைப்பு ஆய்வு ஆணையத்தின் கலந்தாய்வு அறிக்கை இதை எடுத்துச் சொல்லி இருபது ஆண்டுகளுக்கு மேலாகிறது. எந்தக் கட்சி ஆண்டாலும் அந்தச் சட்டம் வரவில்லை.

தாராவியும் செம்பூரும் தென் மத்திய மும்பை மக்களவைத் தொகுதியில் இருக்கின்றன; மாட்டுங்காவும் அதில்தான் வருகிறது. வாக்குக் கேட்டு வருபவரிடம் குடிசை மாற்றுத் திட்டம் பற்றியும் தண்ணீர் பற்றியும் கேட்கிறோம். அதோடு இதையும் கேளுங்கள்: பட்டறைக்கு லாபமோ நட்டமோ கொண்டுவரப்போகும் அடுத்த ஒப்பந்தத்தை, கையெழுத்தாவதற்கு முன்பே நிலைக்குழுவின் முன் வைக்கும் சட்டத்துக்குத் தனிநபர் மசோதா கொண்டுவருவீர்களா?