கல்யாண கேசட்டில் ஒரு தோட்டம்

வீட்டு அலமாரியில் பழைய கல்யாண வீடியோ கேசட் கிடக்கிறதா? தூக்கிப் போட்டுவிடாதீர்கள். நெகிரி செம்பிலானில் நீலாய், லாபு பக்கம் பால்மரம் நின்ற இடங்களில் இன்று வீடமைப்புப் பகுதிகள். மாப்பிள்ளைக்குப் பின்னால் தெரிகிற லயமும் கோயிலும் அந்த கேசட்டில் மட்டுமே மிஞ்சியிருக்கலாம்.

ஆவணப்படம் என்றால் கேமராவோடு புறப்படுவது மட்டுமல்ல. ஏ.கே. செட்டியாரைப் பாருங்கள். தோக்கியோவிலும் நியூயார்க்கிலும் ஒளிப்படக் கலை பயின்றவர். 1937 அக்டோபர் 2-ஆம் நாள், நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குப் போகும் கப்பலில், காந்தியைப் பற்றிப் படம் எடுக்கும் எண்ணம் வந்தது. அப்போது வயது இருபத்தைந்து. நடந்து முடிந்ததை இனி எப்படிப் படமெடுப்பது? ஏற்கெனவே எடுத்தவர்களைத் தேடிப் போனார். சுமார் ஒரு லட்சம் மைல் அலைந்து, பலர் எடுத்த 50,000 அடி படச்சுருளைச் சேர்த்தார். அதை 12,000 அடியாக வெட்டி 1940-இல் வெளியிட்டார்.

அந்தப் படமே பிறகு பல ஆண்டுகள் காணாமல் போனது. ஆங்கில வடிவத்தின் பிரதி ஒன்று கடைசியில் கிடைத்தது சான் பிரான்சிஸ்கோவில்! காந்தி படத்துக்கே இந்தக் கதி. நம் லயத்தைத் தேடி யார் வரப்போகிறார்கள்?

கேமரா பழகும் தம்பி தங்கைகள் புதுக் கருவி வாங்குமுன் சொந்தக்காரர் வீடுகளுக்கு ஒரு நடை போய் வரலாம். பூஞ்சை பிடித்த கேசட்டை ஓட்டிப் பார்க்க வேண்டாம். நாடாவும் கருவியும் சேர்ந்து கெடும். சுத்தம் செய்து கணினிக்கு மாற்றித் தருகிற கடையில் கொடுங்கள். பிறகு பாட்டியைப் பக்கத்தில் உட்கார வைத்துப் படத்தை ஓட விடுங்கள். அது யார், எந்த லயம் என்று அவர் சொல்லச் சொல்ல, கைப்பேசியில் குரலைப் பதிந்துகொள்ளுங்கள்.