பெட்டிப் படத்துக்கு உயிர் வந்தால்...?

கடைக்குப் போகிறீர்கள். தேயிலைப் பெட்டியின் மேல், கூடை சுமந்த பெண்ணொருத்தி சிரித்துக் கொண்டிருக்கிறாள். அவள் சட்டென்று இறங்கி வந்து உங்கள் எதிரில் பாடினால் எப்படியிருக்கும்?

இந்த வேடிக்கையை 1935-ஆம் ஆண்டிலேயே அமெரிக்காவில் படமாக்கி விட்டார்கள். வார்னர் பிரதர்ஸ் வெளியிட்ட 'பில்போர்டு ஃப்ராலிக்ஸ்' என்ற கார்ட்டூன் படம்தான் அது. இயக்கியவர் ஃபிரிஸ் ஃப்ரீலெங்.

தெருவோர விளம்பரப் பலகைகளில் இருப்பவர்கள் ஒவ்வொருவராக உயிர் பெற்று ஆடிப் பாடுகிறார்கள். ஒரு பலகையிலிருந்து கோழிக்குஞ்சு ஒன்று புழுவைப் பிடிக்கக் குதிக்கிறது. குஞ்சைப் பூனை துரத்துகிறது. விடுவார்களா மற்றவர்கள்? எல்லாரும் ஒன்றுகூடிக் குஞ்சைக் காப்பாற்றி விடுகிறார்கள்!

ஓடுவதோ ஏழு நிமிடம். விநாடிக்கு 24 கட்டங்கள் வீதம் கணக்குப் போட்டால், பத்தாயிரம் கட்டங்களைத் தொடும். எல்லாம் கையால் வரைந்தவை.

இதில் ஒரு சூட்சுமமும் உண்டு. வார்னர் நிறுவனத்துக்குப் பாடல் பதிப்பகங்களும் சொந்தமாயிருந்தன. அப்பாடல்களைப் பரப்பத்தான் 1931-இல் 'மெர்ரி மெலடீஸ்' என்ற இந்தப் பட வரிசையே தொடங்கப்பட்டது. இப்படத்தில் வரும் ஒரு பாட்டு மறு ஆண்டே வரிசை முழுவதற்கும் முகப்பு இசையாயிற்று. விளம்பரத்தை வைத்து வேடிக்கை காட்டிய படமே ஒரு விளம்பரம்!

நம் வீட்டுக் கதையும் இதுதானே? முன்பு வானொலி, பிறகு தொலைக்காட்சி, இன்று கைப்பேசி. பாட்டு காதில் விழுகிறது. பிள்ளை மனப்பாடம் செய்கிறது. கடையில் அடம் பிடிக்கிறது. கரைவது உங்கள் சம்பளப் பணம். அதட்டாதீர்கள். "யார் பாடுகிறார்கள்? எதை விற்கிறார்கள்? நமக்கு அது வேண்டுமா?" என்று கேட்கப் பழக்குங்கள்.

சரி, பெட்டியில் இருப்பவளுக்கு வருவோம். 1929-இல் ஜே.ஏ. ரஸ்ஸல் போ தோட்டத்தைத் தொடங்கிய காலந்தொட்டு, கேமரன் மலைச் சரிவுகளில் கொழுந்து கிள்ளிய கைகளில் நம் பாட்டிமார்களின் கைகளும் உண்டு. அவள் இறங்கி வந்தால், பெட்டியில் அச்சிட்ட பெருமையையா பாடுவாள்? விடியற்காலைக் குளிரை, மழையில் ஊறிய சேலையை, தோளை அறுத்த கூடைக் கயிற்றை அல்லவா பாடுவாள்!

உங்கள் வீட்டிலும் அப்படியொரு பாட்டி இருக்கலாம். இன்று மாலை தேத்தண்ணி கலக்கிக் கொடுத்து, அவரைப் பேசச் சொல்லுங்கள். பிள்ளைகள் கேட்கட்டும். அது எதையும் விற்காத பாட்டு.