மலாய் மணப்பேச்சு

மலாய்க் குடும்பங்களில் பெண் கேட்கச் செல்லும் பெரியோர் பெண்ணின் பெயரைச் சொல்வதில்லை. வெற்றிலைத் தட்டத்தை நடுவே வைத்து, இவ்வீட்டுத் தோட்டத்திலே ஒரு மலர் பூத்திருப்பதாகக் கேள்வியுற்றோம், அதனை எவரேனும் முன்னரே கேட்டுவைத்துள்ளனரோ என்று விசாரிப்பர். பெண்வீட்டாரும் மலரைப் பற்றியே மறுமொழி கூறுவர். நாவன்மை மிக்கவர்கள் ‘பந்துன்’ எனப்படும் நாலடிப் பாட்டிலேயே உரையாடி முடிப்பதும் உண்டு. ‘மெரிசிக்’ என்னும் இச்சடங்கிலே மறுப்பு வருமாயினும் எவர்க்கும் தலைகுனிவில்லை. பூவைப் பற்றித்தானே பேசினார்கள்!

இக்காலத்து இளைஞரோ பல்கலைக்கழகத்திலும் அலுவலகத்திலும் தாமே துணை தேடிக்கொள்கின்றனர். எனினும் மெரிசிக் மறையவில்லை. மகன் ஆண்டுக்கணக்காகப் பழகிய பெண்ணின் வீட்டுக்கே தாயார் சென்று, ஒன்றுமறியாதவர்போல் அந்த மலரைப் பற்றி விசாரிக்கிறார். காதலைப் பற்றி வெளிப்படப் பேச ஒருகாலத்தில் பெருந்தயக்கம் இருந்தது. 1925-26ஆம் ஆண்டுகளில் சையத் ஷெய்க் அல்-ஹாதி பினாங்கிலே வெளியிட்ட ‘பரிதா ஹனும்’ என்னும் நாவலில், விரும்பியவனையே மணக்கத் துணியும் நாயகி எகிப்து நாட்டுப் பெண்ணாகவே வருகிறாள்.

பெற்றோர் இசைந்த பின்னரும் இன்று குறுக்கே நிற்பது பணம். நமது சீதன வழக்கத்துக்கு மாறாக, அங்கே கொடுப்பவன் மணமகன். மணமகளுக்கே உரிய ‘மாஸ் கஹ்வின்’ என்னும் மகர் பெரும்பாலும் சிறு தொகைதான். ஜொகூரில் அது நெடுங்காலம் 22 ரிங்கிட் 50 சென்னாக இருந்தது. அதற்குமேல் ‘ஹந்தாரான்’ என்றொரு தொகை உண்டு. மார்க்கம் விதியாத இதனை ஊர்வழக்கம் பல்லாயிரம் ரிங்கிட்டாக வளர்த்துவிட்டது. பெண் பட்டதாரியானால் தொகையும் ஏறும். நம்மூரிலே மாப்பிள்ளையின் பட்டத்துக்கேற்ப ஏறும் சீதனம் எவர்க்கு நினைவு வராது? (மணமக்களைக் குறிக்கும் ‘மெம்பெலை’ என்னும் மலாய்ச் சொல் நமது ‘மாப்பிள்ளை’யிலிருந்து சென்றதே. அங்கே அது மணமகளுக்கும் பொருந்தும்.) புதிதாக வேலைக்குச் சேர்ந்தவன் சில ஆண்டுகள் சேமிக்கவேண்டும், அன்றேல் கடன்படவேண்டும். காத்திருப்பவள் பெண்ணுந்தான்.

இவ்வளவுக்கும் நிக்காஹ் சில நிமிடங்களில் முடிந்துவிடும். செலவெல்லாம் ‘பெர்சாண்டிங்’ என்னும் மேடைக் காட்சிக்கும் விருந்துக்குமே. அன்று மணமக்கள் ‘ஒருநாள் அரசர்’; அரியணை போன்ற ஆசனத்தில் வீற்றிருப்பர். முன்னர் அயலவர் யாவரும் கூடிச் சமைத்தனர். நகரங்களிலோ மண்டபமும் கூலிச் சமையலும் வந்துவிட்டன. 2020இல் பெருந்தொற்றினால் கூட்டங்கள் தடைப்பட்டபோது, ஒரு சிலர் முன்னிலையில் நிக்காஹ் செய்து இல்லறம் தொடங்கிய இணைகள் உண்டு. தடை நீங்கியதும், ஒத்திவைத்த மேடையை அமைத்து அதிலே வீற்றிருந்தோரும் அவர்களுள் உண்டு.