தெரிந்து கொள்வோம்: ஜப்பானை ஆண்ட எட்டுப் பெண்கள்



"இது இன்னைக்கு நேத்து வந்ததா? ஆதி காலத்துலேர்ந்து வர்ற வழக்கம். இதுல பொம்பளைங்க பேசக் கூடாது." இந்தப் பேச்சைக் கேட்காத பெண் நம்மில் யாரும் இருக்க மாட்டோம். வழக்கம் என்று சொல்லிவிட்டால் அதற்கு மேல் பேச்சு கிடையாது. ஆனால் அந்த வழக்கம் எவ்வளவு பழையது, யார் போட்டது, எந்த வருஷம் போட்டது என்று நாம் கேட்பதில்லை.

இந்த இதழில் ஒரு அரச குடும்பத்தை எடுத்துக் கொண்டு இந்தக் கேள்வியைக் கேட்டுப் பார்ப்போம். ஜப்பான் நாட்டு அரச குடும்பம்தான் அது. உலகத்தில் இன்றும் தொடர்கிற அரச பரம்பரைகளில் மிகப் பழையது. இப்போதைய அரசர் நருஹிதோ, அவர்கள் கணக்கில் 126-வது அரசர். அவருக்கு ஒரே ஒரு பிள்ளை, மகள் ஐகோ. 2001 டிசம்பரில் பிறந்தவர். ஆனால் அவர் பட்டத்துக்கு வர முடியாது. ஏன்னா, அவர் பெண்.

அப்படியானால் ஜப்பானைப் பெண்கள் ஆண்டதே இல்லையா? ஆண்டிருக்கிறார்கள். ஒருவர் இருவர் அல்ல, எட்டுப் பேர். அதில் இரண்டு பேர் இரண்டு முறை பட்டத்துக்கு வந்தவர்கள். ஆக மொத்தம் பத்து ஆட்சிகள்.

பேரரசி என்றால் யார்?

முதலில் ஒரு விஷயத்தைத் தெளிவாக்கிக் கொள்வோம். நம் தமிழில் அரசனின் மனைவியையும் 'பேரரசி' என்போம், தானே ஆட்சி செய்தவரையும் 'பேரரசி' என்போம். ஜப்பானிய மொழியில் அப்படி இல்லை. அரசரின் மனைவிக்கு 'கோகோ' என்று பெயர். ஆட்சியில் இருப்பவருக்கு 'தென்னோ' என்று பெயர். ஆணாக இருந்தாலும் பெண்ணாக இருந்தாலும் தென்னோதான். நாம் சொல்லும் எட்டுப் பேரும் அரசரின் மனைவி என்பதால் இந்தப் பெயர் பெற்றவர்கள் இல்லை. அவர்களே தென்னோ.

தாய்மாமனுக்கு இல்லை என்று சொன்னவர்

முதலாமவர் சுய்கோ. 592-ல் பட்டத்துக்கு வந்தார். அவருக்கு முன் இருந்த அரசரைக் கொலை செய்து விட்டார்கள். கொலைக்குப் பின்னால் இருந்தவர் சோகா நோ உமாகோ என்ற பெரிய செல்வாக்கு உள்ள அமைச்சர். அவர் சுய்கோவுக்குத் தாய்மாமன் முறை. கணவனை இழந்த சுய்கோவை அரசியாக்கினால் தன் சொல்படி நடப்பார் என்று மாமன் நினைத்திருக்கலாம்.

628 வரை ஆண்டார் சுய்கோ. சுமார் 35 வருஷம். தன் அண்ணன் மகன் ஷோதோகு இளவரசரை நிர்வாகத்துக்கு வைத்துக் கொண்டார். 604-ல் அதிகாரிகள் எப்படி நடக்க வேண்டும் என்று 17 பிரிவுகள் கொண்ட விதிமுறை வந்தது. 607-ல் சீனாவுக்குத் தூதர்களை அனுப்பினார்கள்.

624-ல் தாய்மாமன் வந்து, அரசுக்குச் சொந்தமான ஒரு பகுதி நிலத்தைத் தனக்குக் கொடுக்கச் சொல்லிக் கேட்டார். சுய்கோ மறுத்து விட்டார். அவர் சொன்ன காரணத்தை ஜப்பானின் பழைய வரலாற்று நூலான நிஹோன் ஷோகி சொல்கிறது. 'நானும் உங்கள் குடும்பத்தில் வந்தவள்தான். நீங்கள் கேட்டு நான் மறுத்ததில்லை. ஆனால் இந்த நிலத்தைக் கொடுத்தால், ஒரு புத்தியில்லாத பெண் ஆண்டாள், அதனால் நிலம் போனது என்று பின்னால் வருகிற அரசர்கள் சொல்வார்கள். உங்களுக்கும் கெட்ட பெயர் வரும்' என்ற கருத்துப்படப் பேசினாராம். சொந்தக்காரர் வந்து கேட்கும்போது பொதுச் சொத்தைத் தர முடியாது என்று சொல்வது எவ்வளவு கஷ்டம் என்று, குழுக் கணக்கைக் கையில் வைத்திருக்கும் நமக்குத் தெரியாதா?

சட்டம், தலைநகர், நாணயம்

அடுத்தவர் கோக்யோகு. 642-ல் வந்து 645-ல் பட்டத்தைத் தம்பிக்கு விட்டுக் கொடுத்தார். தம்பி இறந்த பிறகு 655-ல் மறுபடியும் அரசியானார். 661-ல் கொரியாவில் இருந்த நட்பு நாடு ஒன்றுக்கு உதவப் படை திரட்டிக் கொண்டு போன இடத்தில் இறந்தார்.

மூன்றாமவர் ஜித்தோ. கணவர் இறந்த பிறகு நிர்வாகத்தைக் கையில் எடுத்தார். கணவர் தொடங்கி வைத்த சட்டத் தொகுப்பு 689-ல் இவர் காலத்தில்தான் நடைமுறைக்கு வந்தது. 694-ல் ஃபுஜிவாரா என்ற புதிய தலைநகருக்குக் குடிபுகுந்தார்.

நான்காமவர் கென்மெய். இவர் காலத்தில் 708-ல் நாட்டிலேயே செம்பு கிடைத்தது, செப்பு நாணயம் அடித்தார்கள். 710-ல் நாரா நகரத்துக்குத் தலைநகர் மாறியது. 712-ல் கோஜிகி என்ற பழைய கதைகளின் தொகுப்பு எழுதி முடிக்கப்பட்டு இவரிடம் கொடுக்கப்பட்டது. 715-ல் பட்டத்தைத் தன் மகள் கென்ஷோவுக்குக் கொடுத்தார். ஜப்பான் வரலாற்றில் தாயிடமிருந்து மகளுக்குப் பட்டம் போனது இந்த ஒரு முறைதான். கென்ஷோ காலத்தில்தான், 720-ல், மேலே சொன்ன நிஹோன் ஷோகி முடிந்தது.

ஆறாமவர் கோகென். 738-லேயே முறைப்படி பட்டத்து வாரிசாக அறிவிக்கப்பட்ட பெண் இவர் மட்டும்தான். 749 முதல் 758 வரை ஒரு முறை, 764 முதல் 770 வரை மறு முறை ஆண்டார். இவருக்கு தோக்யோ என்ற புத்த பிக்குவின் மேல் நம்பிக்கை அதிகம். அந்தப் பிக்குவையே அரசராக்கப் பார்க்கிறார்கள் என்று 769-ல் பெரிய குழப்பம் வந்தது. அதற்குப் பிறகு 859 வருஷம் எந்தப் பெண்ணும் பட்டத்துக்கு வரவில்லை. இந்தக் குழப்பமும் அதற்கு ஒரு காரணம் என்று வரலாற்று ஆசிரியர்கள் பலர் சொல்கிறார்கள். எத்தனையோ ஆண் அரசர்கள் காலத்திலும் குழப்பம் வந்தது, கொலைகூட நடந்தது. அதற்காக ஆண்களே வேண்டாம் என்று யாரும் சொல்லவில்லை!

1629-ல் மெய்ஷோ வந்தார். அப்போது அவருக்கு ஆறு வயதுகூட நிரம்பவில்லை. உண்மையான அதிகாரம் தோகுகாவா ராணுவத் தலைவர்களிடம் இருந்த காலம் அது. கென்மெய், கென்ஷோ என்ற தாய் மகள் இருவர் பெயரிலிருந்தும் எடுத்துத்தான் மெய்ஷோ என்று பெயர் வைத்தார்கள். நடுவில் 900 வருஷம் போயும் அந்தப் பெண்களை மறக்கவில்லை.

எட்டாமவர், கடைசியாக ஆண்டவர் கோ-சகுராமாச்சி. 1762-ல் தம்பி இறந்தபோது தம்பி மகனுக்கு நான்கு வயதுதான். அத்தை பொறுப்பை எடுத்துக் கொண்டார். 1771 தொடக்கம் வரை ஆண்டுவிட்டு மருமகனிடம் ஒப்படைத்தார். 1787-ல் பஞ்ச காலத்தில் மக்கள் கூட்டம் கூட்டமாக வந்து அரண்மனையைச் சுற்றிப் பிரார்த்தனை செய்தார்கள். அப்போது அவர்களுக்கு 30,000 ஆப்பிள் பழங்களைக் கொடுக்கச் செய்தார் என்று குறிப்பு இருக்கிறது. பட்டத்தை விட்ட பிறகும் 1813-ல் இறக்கும் வரை அரச குடும்பத்துக்குப் பெரியவராக இருந்து வழிகாட்டினார்.

தடை வந்தது எப்போது?

1889 பிப்ரவரி 11. இந்தத் தேதியை நினைவில் வைத்துக் கொள்ளுங்கள். அன்றுதான் மெய்ஜி அரசர் காலத்தில் புதிய அரசியல் சட்டமும் அரச குடும்பச் சட்டமும் வந்தன. தகப்பன் வழியில் வந்த ஆண் மட்டுமே பட்டத்துக்கு வரலாம் என்று அப்போதுதான் முதன் முதலாகச் சட்டத்தில் எழுதினார்கள்.

அதற்கு முன் எழுதிய ஒரு வரைவில் பெண்ணுக்கும் இடம் இருந்தது. இனோவே கோவாஷி என்ற அதிகாரி எதிர்த்தார், அந்தப் பகுதியை எடுத்து விட்டார்கள். எதிர்த்தவர்கள் சொன்ன காரணம் என்ன தெரியுமா? நம் நாட்டில் ஆணுக்குத்தான் மரியாதை; அரசிக்குக் கணவன் வந்தால், அரசிக்கும் மேலே ஒருவர் இருப்பதாக மக்கள் நினைப்பார்கள் என்பதுதான்!

இந்தத் தடை அரண்மனையோடு நிற்கவில்லை. 1890-ல் வந்த சட்டம் பெண்கள் அரசியல் கூட்டத்துக்குப் போகவே கூடாது என்றது. 1922-ல்தான் அது தளர்ந்தது. 1898-ல் வந்த சிவில் சட்டப்படி, மணமான பெண் கணவனின் சம்மதம் இல்லாமல் கடன் வாங்கவோ சொத்து விஷயத்தில் கையெழுத்துப் போடவோ முடியாது. அரண்மனைப் பெண்ணுக்கும் குடிசைப் பெண்ணுக்கும் ஒரே காலத்தில்தான் கதவை அடைத்தார்கள்.

இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் தோற்ற பிறகு நிலைமை மாறியது. 1946 ஏப்ரலில் பெண்கள் முதல் முறையாக வாக்களித்தார்கள். 39 பெண்கள் நாடாளுமன்றத்துக்குப் போனார்கள். 1947 மே 3 முதல் நடைமுறைக்கு வந்த புதிய அரசியல் சட்டம் ஆணும் பெண்ணும் சமம் என்றது. அரசர் நாட்டின் அடையாளம் மட்டுமே, அதிகாரம் இல்லை என்றது. ஆனால் அதே நாளில் நடைமுறைக்கு வந்த புதிய அரச குடும்பச் சட்டத்தில் 'ஆண் மட்டும்' என்பது அப்படியே தங்கி விட்டது. இது சரியா என்று அப்போதே நாடாளுமன்றத்தில் கேள்வி எழுந்தது. பிறகு பார்த்துக் கொள்ளலாம் என்று தள்ளிப் போட்டார்கள்.

ஆண் வாரிசு இல்லாமல் போனது எப்படி?

பழைய காலத்தில் அரசருக்கு மனைவி தவிர வேறு பெண்களும் இருந்தார்கள். அரசர்களில் ஏறக்குறைய பாதிப் பேர் அப்படிப் பிறந்தவர்கள்தான். 1879-ல் பிறந்த தைஷோ அரசர் வரை அப்படி. இப்போது ஒரே மனைவி. அது நல்ல மாற்றம். ஆனால் மகன் மட்டும்தான் வேண்டும் என்ற விதியை மாற்றவில்லை. போதாக்குறைக்கு, அரச குடும்பப் பெண் வெளியில் திருமணம் செய்தால் குடும்பத்தை விட்டே வெளியேற வேண்டும். 2005-ல் அரசரின் தங்கை சயாகோவும், 2021-ல் அரசரின் தம்பி மகள் மாகோவும் அப்படித்தான் போனார்கள். ஆண் வெளியில் பெண் எடுத்தால் மட்டும் ஒன்றும் இல்லை.

1965-க்குப் பிறகு 40 வருஷம் அந்தக் குடும்பத்தில் ஆண் குழந்தையே பிறக்கவில்லை. அந்தச் சுமை யார் தலையில் விழுந்தது? வீட்டுக்கு வந்த மருமகள் தலையில். மசாகோ வெளியுறவுத் துறையில் அதிகாரியாக வேலை பார்த்தவர். 1993-ல் இளவரசர் நருஹிதோவை மணந்தார். நாடே மகன் பிறப்பான் என்று காத்திருந்தது. 2001-ல் மகள் பிறந்தாள். 2004-ல், மன அழுத்தத்தால் வந்த நோய்க்கு மசாகோ சிகிச்சை பெறுவதாக அரண்மனையே அறிவித்தது. எவ்வளவு படித்தாலும், அரண்மனையிலேயே வாழ்ந்தாலும், 'பையன் எப்போ?' என்ற கேள்வி ஒரு பெண்ணை என்ன பாடு படுத்துகிறது பாருங்கள்.

2005-ல் அரசு அமைத்த குழு ஒன்று, ஆணோ பெண்ணோ மூத்த பிள்ளைக்கே பட்டம் என்று பரிந்துரை செய்தது. சட்டம் மாறப் போகிறது என்று இருந்த நேரத்தில், 2006 செப்டம்பரில் அரசரின் தம்பிக்கு ஹிசஹிதோ என்ற மகன் பிறந்தான். சட்டத் திருத்தத்தை மூடி வைத்து விட்டார்கள்.

எதிர்ப்பவர்கள் சொல்வது என்ன?

அவர்கள் பக்கத்தையும் கேட்க வேண்டும். "எட்டுப் பெண்களும் தகப்பன் வழியில் அரச ரத்தம். பட்டத்தில் இருந்தபோது யாருக்கும் கணவன் இல்லை. நாலு பேர் கணவனை இழந்தவர்கள், நாலு பேர் கல்யாணமே ஆகாதவர்கள். அதனால் பட்டம் வேறு குடும்பத்துக்குப் போகவில்லை. பெண் ஆண்டால் அவள் பிள்ளைக்குப் பட்டம் போகும், தகப்பன் வழி அறுந்து விடும்" என்கிறார்கள். எட்டுப் பேரைப் பற்றி அவர்கள் சொல்கிற தகவல் உண்மைதான்.

ஆனால் இங்கே இரண்டு கேள்விகள் கலந்து கிடக்கின்றன. பெண் ஆளலாமா என்பது ஒன்று. அவள் பிள்ளைக்குப் பட்டம் போகலாமா என்பது வேறு. இரண்டாவதில் வாதம் இருக்கலாம். முதல் கேள்விக்கு வரலாறு எட்டு முறை பதில் சொல்லி விட்டது. ஐகோவின் தகப்பனார் அரசர். அவரும் தகப்பன் வழியில் வந்த பெண்தானே?

கருத்துக் கணிப்புகளில் ஜப்பான் மக்களில் பெரும்பாலோர் பெண் அரசரை ஏற்கிறார்கள். 2024 அக்டோபரில் பெண்களுக்கு எதிரான பாகுபாட்டை ஒழிக்கும் ஐ.நா. குழு, இந்தச் சட்டத்தை மாற்றும்படி சொன்னது. ஜப்பான் அரசு அதை ஏற்காமல், தான் கொடுக்கும் நிதியை அந்தக் குழுவுக்குச் செலவிடக் கூடாது என்று 2025 ஜனவரியில் சொல்லி விட்டது. 2025 அக்டோபரில் ஜப்பானுக்கு முதல் பெண் பிரதமர் வந்தார், சனாயே தகாய்ச்சி. அவரும் தகப்பன் வழி ஆண் வாரிசு முறையை ஆதரிப்பவர்தான். ஒரு பெண் நாற்காலியில் உட்கார்ந்தால் மட்டும் எல்லாம் தானாக மாறி விடாது என்பதற்கு இதுவும் ஒரு பாடம்.

நாம் எடுத்துக் கொள்ள வேண்டியது

சகோதரிகளே, ஐகோ அரசியாவதும் ஆகாததும் ஜப்பான் மக்கள் முடிவு செய்ய வேண்டியது. நமக்குக் கிடைக்கிற செய்தி வேறு. 1,300 வருஷத்துக்கும் முன்னால் பெண்கள் ஆண்ட நாட்டில், 1889-ல் எழுதிய ஒரு வரியை ஆதி காலத்து வழக்கம் மாதிரி பேசுகிறார்கள். ஆகவே இனி யாராவது "இது வழக்கம்" என்று சொன்னால், சண்டை போட வேண்டாம், அழ வேண்டாம். "எந்த வருஷத்திலிருந்து? அதுக்கு முன்னாடி எப்படி இருந்தது?" என்று நிதானமாகக் கேட்போம்.

அடுத்த குழுக் கூட்டத்தில் பேசுவதற்கு:

1. நம் ஊரில் 'வழக்கம்' என்று சொல்லிப் பெண்களைத் தடுக்கும் ஒரு விஷயத்தை எடுத்துக் கொள்ளுங்கள். அது எப்போது தொடங்கியது? ஊரில் வயதான பாட்டிமாரைக் கேட்டு எழுதி வாருங்கள்.

2. சுய்கோ தாய்மாமனுக்குச் சொன்ன பதிலை, நம் குழுவில் உறவினர் கடன் கேட்டு நெருக்கும்போது எப்படிச் சொல்லலாம்?

3. மகன் பிறக்கவில்லை என்று நம் தெருவில் யாராவது பேச்சு வாங்குகிறார்களா? அவருக்குக் குழு எப்படித் துணை நிற்கலாம்?

படிக்கத் தெரிந்தவர்கள் இதைக் கூட்டத்தில் வாய்விட்டுப் படித்துக் காட்டுங்கள்.