வைரமுதுகு அந்துப்பூச்சி

வைரமுதுகு அந்துப்பூச்சி (புளூட்டெல்லா சைலோஸ்டெல்லா) என்பது முட்டைக்கோசு, காலிபிளவர் முதலிய கடுகுக் குடும்பப் பயிர்களைத் தாக்கும் பூச்சியாகும். நீலகிரி மாவட்டத்தின் கேத்திப் பள்ளத்தாக்கு போன்ற மலைக்காய்கறிப் பகுதிகளில் முட்டைக்கோசுக்குப் பெருஞ்சேதம் விளைவிக்கிறது. சிறகுகளை மடக்கி அமரும்போது முதுகில் வைர வடிவங்கள் தோன்றுவதால் இப்பெயர் பெற்றது.

சேதம்

இளம்புழுக்கள் இலையைக் குடைந்தும், வளர்ந்தவை அடிப்புறத்தைச் சுரண்டித் துளைத்தும் உண்கின்றன.

எதிர்ப்புத்திறன்

இப்பூச்சி மருந்துகளுக்கு விரைவில் பழகிவிடுகிறது. சாவகத் தீவில் டி.டி.டி.க்கு எதிர்ப்புத்திறன் பெற்றமை 1953 ஆம் ஆண்டிலும், ஹவாயில் பி.டி. நுண்ணுயிர்க்கொல்லிக்குப் பெற்றமை 1990 ஆம் ஆண்டிலும் பதிவாயின. தெளிப்பு மிகுந்தால் புழுவைக் கட்டுப்படுத்தும் குளவிகளும் அழிகின்றன.

ஒட்டுண்ணிக் குளவி

டயடெக்மா செமிகிளாசம் என்னும் சிறு குளவி புழுவின் உடலுள் முட்டையிடும். அதிலிருந்து வெளிவரும் குளவிப்புழு, அந்துப்பூச்சியின் புழுவை உள்ளிருந்தே உண்டு கொல்லும். வெளிநாட்டிலிருந்து கொணரப்பட்ட இக்குளவி குளிர்ந்த தட்பவெப்பத்தில் செழிப்பதால் நீலகிரியில் நிலைபெற்றது. வெப்பமான சமவெளிக்கு இது ஏற்றதன்று.

கட்டுப்பாட்டு முறைகள்

தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் பரிந்துரைப்பவற்றுள் சில:

* எக்டேருக்கு 50,000 ஒட்டுண்ணிக் குளவிகளை விடுதல்
* எக்டேருக்கு 12 இனக்கவர்ச்சிப் பொறிகள் வைத்தல்
* 5 விழுக்காடு வேப்பங்கொட்டைச் சாறு தெளித்தல்
* ஊடுபயிராகக் கடுகு விதைத்தல். தாய் அந்துகள் அதனை நாடி முட்டையிடும்