கைகளிற் பிறந்த மொழி

பெரியோர் கற்பிக்க, பிள்ளைகள் மொழியைக் கற்கின்றனர் என்பதே பொதுவான எண்ணம். மத்திய அமெரிக்காவிலுள்ள நிக்கரகுவா நாட்டின் காதுகேளாப் பிள்ளைகளின் வரலாறு இதற்கு மாறானது.

1970களின் நடுப்பகுதிவரை அந்நாட்டிற் காதுகேளாதோர்க்குப் பொதுவான சைகை மொழி நிலவவில்லை. பிள்ளைகள் தத்தம் வீட்டிலே தனித்து வளர்ந்தனர். பசியையும் நித்திரையையும் தாய்க்கு உணர்த்தச் சில சைகைகள் இருந்தன. அடுத்த வீட்டாருக்கு அவை விளங்கா. 1977இல் தலைநகராகிய மனாகுவாவில் ஏறக்குறைய 50 பிள்ளைகளோடு ஒரு சிறப்புப் பாடசாலை தொடங்கிற்று. 1980இல் வளர்ந்தோர்க்கான தொழிற்பாடசாலை ஒன்றும் எழுந்தது. 1983 அளவில் இரண்டிலுமாக 400க்கு மேற்பட்டோர் பயின்றனர்.

ஆசிரியர்கள் கற்பிக்க முயன்றது ஸ்பானிய மொழியை. உதட்டசைவைப் பார்த்துச் சொல்லை அறியவேண்டும் என்பது அவர்கள் முறை. நேயர்கள் கண்ணாடி முன் நின்று 'படம்' என்றும் 'மடம்' என்றும் சொல்லிப் பார்க்கலாம். உதடுகள் இரண்டிற்கும் ஒரேவகையாகவே அசையும். ஒலியையே அறியாத பிள்ளை இவற்றை எங்ஙனம் பிரித்தறியும்? அம்முயற்சி பெரிதும் பயன் தரவில்லை.

ஆனால், விளையாட்டு முற்றத்திலும் பாடசாலைப் பேருந்திலும் வேறொரு கல்வி நடந்துகொண்டிருந்தது. பிள்ளைகள் தத்தம் வீட்டுச் சைகைகளை ஒருவர்க்கொருவர் கொடுத்து வாங்கிப் பொதுவாக்கினர். ஆசிரியர்க்கோ அது வெறும் கையசைப்பாகத் தோன்றிற்று. கல்வி அமைச்சு கேட்டுக்கொண்டபடி 1986இல் வந்த அமெரிக்க மொழியியலாளர் ஜூடி கெகல் அம்மையாரே, அதனை ஒரு புதிய மொழியின் தோற்றமென உணர்ந்து ஆராயத் தலைப்பட்டார்.

மூத்த மாணவர் ஆக்கியதை, பின்வந்த சிறுவர் அவ்வாறே ஏற்றுக்கொள்ளவில்லை. ஒரு பொருள் சரிவில் உருண்டு இறங்குவதைக் காட்ட, மூத்தவர் கையைச் சுழற்றிக்கொண்டே கீழிறக்கினர். கண்ட காட்சியின் படம் அது. இளையவரோ முதலிற் சுழற்சியையும் பின்னர் இறக்கத்தையும் வேறுவேறாகக் காட்டினர். தமிழில் நாம் 'உருண்டு', 'இறங்கியது' என இரு சொல்லாகக் கூறுவதும் இதுபோன்றதே. படம் இவ்வாறு சொற்களாகப் பிரிந்தமையை விளக்கிய ஆய்வு 2004இல் வெளிவந்தது. எவரும் கற்பியாமலே சிறுவர் செய்த வேலை இது.

எனினும், வயது கடந்தபின் பாடசாலைக்கு வந்தோர்க்கு அச்சரளம் கைகூடவில்லை. அன்பினாலோ நாணத்தினாலோ வீட்டிலே மறைத்து வைக்கப்படும் பிள்ளை இழப்பது இவ்விளமைக் காலத்தையே. மூத்தோர் பலரிடம் 'நினைத்தான்', 'அறிந்தான்' போன்ற மனச்செயல்களைக் குறிக்கும் சைகைகளே அரிதாயிருந்தன. பிறர் தவறாக எண்ணியிருப்பதை ஊகிப்பதிலும் இடர்ப்பட்டனர். சில ஆண்டுகளின் பின், காதுகேளாதோர் சங்கத்தில் தம்மினும் இளையவரோடு பழகியபோதுதான் அச்சைகைகள் அவர்களிடம் பெருகின; பிறர் மனத்தை உய்த்துணர்தலும் அவற்றோடு வளர்ந்தது.